குரலை உயர்த்தாத வில்லன்

கேள்வி: எங்கள் நாடகக் குழுவில் வில்லன் வேடம் எனக்கு. செக் நடிகர் ருடால்ஃப் ஹ்ருஷீன்ஸ்கியைப் பார்க்கச் சொல்கிறார்கள். எந்தப் படத்தில் தொடங்கலாம்?
– வாசகர், குன்னூர்

பதில்: யுராய் ஹெர்ஸ் இயக்கிய ‘பிணம் எரிப்பவர்’ (1969). தகன மேடை ஊழியராக வருகிறார். பேச்செல்லாம் தேன். இறந்தவரின் தலையைச் சீவிய சீப்பாலேயே தன் தலையையும் சீவிக்கொள்வார். அதற்கு மேல் மிரட்டல் வசனம் எதற்கு? முதல் தடவை ஒலியை நிறுத்திவிட்டுக் கைகளை மட்டும் கவனியுங்கள். பிறகு, யிரி மென்ஸலின் 1985 படத்தில் இவர் ஏற்ற கிராமத்து டாக்டர். அதே நிதானம், ஆனால் இங்கே சிரிப்பு வரும். இயற்கையை ரசித்தபடி காரை எங்காவது மோதிவிடுவார்.

1960 முதல் பிராகா தேசிய நாடக அரங்கில் நடித்தவர். 1968இல் கம்யூனிஸ்ட் ஆட்சியில் சீர்திருத்தம் கோரிய ‘இரண்டாயிரம் சொற்கள்’ அறிக்கையில் கையெழுத்திட்டதால் பிறகு சில ஆண்டுகள் சினிமா வாய்ப்பு அடைபட்டது.

ஒரு எச்சரிக்கை: அந்த மெல்லிய குரல் மைக்குக்கு அருகில் பேசியது. ஐப்பசி மழையில், தகரக் கூரை மண்டபத்தில் அப்படியே பேசினால் மூன்றாம் வரிசைக்கே கேட்காது. வேகத்தை மட்டும் குறையுங்கள், சத்தத்தை அல்ல. வாக்கியத்தின் கடைசிச் சொல்லை விழுங்காதீர்கள். தமிழில் வினைச்சொல் பெரும்பாலும் அங்கேதான் இருக்கிறது.