பனிக்கு முன்னால் ஜவ்வரிசிக் களம்

அம்மா, பிளஸ் டூ படிக்கிற உங்கள் பையன் திடீரென்று "ஸ்கீ பந்தயம், அதாவது பனிச்சறுக்குப் பந்தயம், எடுக்கிற கேமராமேன் ஆகப் போகிறேன்" என்றால் ஆத்தூரில் இருக்கிற உங்களுக்கு வயிற்றைக் கலக்கத்தான் செய்யும். ஆனால் அவன் சொல்வது இல்லாத வேலை இல்லை.

ஸ்வீடனில் 1922-இல் தொடங்கிய வாசலோப்பெட் என்ற ஸ்கீ பந்தயம் 90 கிலோமீட்டர். முன்னணி வீரர்களுக்கே மூன்றரை, நான்கு மணி நேரம் ஆகும். அவர்கள் கூடவே ஸ்னோமொபைல் என்ற பனியில் ஓடும் வண்டியில் போய்க் கேமராவை ஆடாமல் பிடிக்க வேண்டும். குளிரில் பேட்டரி சட்டென்று இறங்கும் என்பதால் மாற்றுப் பேட்டரியைச் சட்டைக்குள் உடம்புச் சூட்டில் வைத்திருப்பார்கள்.

போன வாரம் அவனிடம் ஒன்று கேட்டேன்: "கேமராவை ஆட்டோ மோடில் வைத்துப் பனியை எடுத்தால் என்ன நிறத்தில் வரும்?" வெள்ளை என்றான். இல்லை, அழுக்குச் சாம்பல்! எதிரே இருப்பது நடுத்தர வெளிச்சம் என்று நினைத்துக்கொண்டு கேமரா வெளிச்சத்தைக் குறைத்துவிடும். நாமாக ஒன்றிரண்டு ஸ்டாப் (கேமராவில் வெளிச்சத்தின் அளவு) கூட்டினால்தான் வெள்ளை வெள்ளையாக வரும். இதைக் கற்க ஸ்வீடன் எதற்கு? உங்கள் பக்கத்து ஜவ்வரிசி ஆலையில் அனுமதி கேட்டு, உச்சி வெயிலில் மாவு காய்கிற களத்தில் நிற்கட்டும். மாவும் வெள்ளையாக இருக்க வேண்டும், அதைக் கிளறுகிறவர் முகமும் தெரிய வேண்டும். முதல் நாள் வராது. பத்தாவது நாள் வரும்.

அப்புறம் ஓடுகிறவர்களைப் படம் எடுக்கிற பழக்கம். ஏற்காடு மலைப்பாதையில் 20 கொண்டை ஊசி வளைவுகள். சைக்கிளில் ஏறுகிறவர்களை ஓரமாக நின்று எடுத்துப் பழகலாம். பைக் பின்னால் உட்கார்ந்து எடுக்கிற வீரமெல்லாம் இப்போது வேண்டாம், கண்டிப்பாகச் சொல்லிவிடுங்கள்.

படிப்பு என்றால், சென்னை தரமணி எம்.ஜி.ஆர். அரசு திரைப்படக் கல்லூரியில் பிளஸ் டூவுக்குப் பின் நான்கு ஆண்டு ஒளிப்பதிவுப் படிப்பு இருக்கிறது. புனே திரைப்படக் கல்லூரியின் ஒளிப்பதிவுப் படிப்புக்கு ஏதாவது ஒரு பட்டம் வேண்டும். முதலில் தரமணிக்கு முயலட்டும்.

பணம்தான் உங்கள் உண்மையான கேள்வி. பனிப் பந்தயம் குளிர்கால வேலை. மற்ற மாதங்களில் மாரத்தான், சைக்கிள் பந்தயம், ஏன், கல்யாண வீடியோவும் எடுக்க வேண்டியிருக்கும். சுற்றுலா விசாவில் ஸ்வீடன் போய் அங்கே சம்பளத்துக்கு வேலை பார்க்க முடியாது. முதலில் காஷ்மீரில் குல்மார்க்கில் நடக்கிற கேலோ இந்தியா குளிர்கால விளையாட்டுகளுக்கு உதவியாளராகவாவது போய் வரட்டும்.

அடுத்த மாதம் வரும்போது களத்தில் எடுத்த இரண்டு நிமிட வீடியோவோடு வரச் சொல்லுங்கள். பாட்டு சேர்க்க வேண்டாம்.