தானி நவோமியின் தொடக்ககாலப் படங்கள் ஏன் கிடைக்கவில்லை?

ஜப்பானியத் திரைப்பட நிறுவனமான நிக்கட்சுவின் பட்டியலில் நடிகை தானி நவோமியின் 1974-க்கு முந்தைய படங்களைத் தேடி நீங்கள் சலித்துப்போவதில் வியப்பில்லை, அவற்றில் பெரும்பாலானவை அந்நிறுவனத்தின் தயாரிப்புகளே அல்ல. 1967-இல் அறிமுகமான அவர், சிறு தயாரிப்பாளர்கள் குறைந்த செலவில் எடுத்த ‘பிங்க்’ எனப்படும் பாலுணர்வுப் படங்களில்தான் வளர்ந்தார்; 1974-இல் ‘மலரும் பாம்பும்’ வெளிவந்த பிறகே, 1979-இல் ஓய்வு பெறும்வரை, நிக்கட்சுவின் பாலுணர்வுப் பட வரிசையான ரோமன் போர்னோவின் முதன்மை நாயகியாக விளங்கினார். என்னைக் கேட்டால், அந்த முந்தைய ஏழாண்டுகளை அறியாமல் அவருடைய நடிப்பை எடைபோடவே முடியாது.

அவருடைய பெயரை ஜப்பானிய எழுத்திலேயே தேடிப் பாருங்கள். ‘தானி’ என்பதைக் காஞ்சி என்னும் சீனவழி எழுத்திலும் ‘நவோமி’ என்பதைக் கத்தகானா என்னும் ஒலியெழுத்திலும் உள்ளிட வேண்டும்.

ஒன்றில் மட்டும் கவனம் தேவை, தலைப்பை மட்டுமே நம்பித் தேடாதீர்கள்: பிங்க் படங்கள் மறுவெளியீட்டின்போது பெயர் மாறுவதுண்டு; மேலும், 2004-இல் அதே ‘மலரும் பாம்பும்’ என்னும் தலைப்பில் வந்த படத்தின் நாயகி வேறொருவர்.