வாசகர் கேள்வி–பதில்: பழைய படச்சுருளும் நடித்த காட்சியும்

கேள்வி: விடுதலைப் போராட்ட வீரர் சுப்பிரமணிய சிவா எங்கள் மாவட்டத்துப் பாப்பாரப்பட்டியில் வாழ்ந்த இறுதி ஆண்டுகளைப் பற்றி எங்கள் குழு ஓர் ஆவணப்படம் எடுத்து வருகிறது. 1923இல் வங்கத்து விடுதலைப் போராட்டத் தலைவர் சித்தரஞ்சன் தாஸ் அங்கே பாரத மாதா ஆலயத்துக்கு அடிக்கல் நாட்டிய நிகழ்ச்சியின் படச்சுருள் எதுவும் எங்களுக்குக் கிடைக்கவில்லை. அதை நடிகர்களைக் கொண்டு படமாக்கி, கறுப்பு வெள்ளையாக மாற்றி, கீறல்களைச் சேர்த்து, நடுவில் உப்புச் சத்தியாக்கிரகக் கூட்டங்களின் பழைய காட்சிகளையும் இணைக்கலாமா?
– வாசகர், தருமபுரி

பதில்: நடித்துக் காட்டுங்கள்; கீறல்களும் உப்புச் சத்தியாக்கிரகக் காட்சிகளும் வேண்டாம். சிவா 1925 ஜூலை 23 அன்று மறைந்தார், உப்புச் சத்தியாக்கிரகமோ 1930இல் நடந்தது. அவர் கண்டிராத ஒரு கூட்டத்தை அவரைச் சுற்றி நிறுத்தினால், சிறையில் தொழுநோய்க்கு ஆளாகி, அந்த உடலோடு ஊர் ஊராகச் சென்று பேசிய மனிதரின் தனிமையைப் பார்வையாளரிடமிருந்து நாமே மறைத்துவிடுகிறோம்.

கீறல்கள் செய்யும் கேடு இதைவிட நீண்டகாலம் நிற்கக்கூடியது. முதல் உலகப் போரின்போது சோம் போர்க்களத்தைப் பற்றி 1916இல் பிரிட்டனில் வெளியான ஆவணப்படத்தில், வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறித் தாக்கச் செல்லும் புகழ்பெற்ற காட்சி போர்முனையில் எடுக்கப்பட்டதன்று, நடித்துக் காட்டப்பட்டது என்பதை ஆய்வாளர்கள் பின்னாளில் நிறுவினார்கள். ஆனாலும் அதே துண்டு எத்தனையோ தொலைக்காட்சி நிகழ்ச்சிகளில் உண்மைப் போர்க்காட்சியாகவே ஓடியிருக்கிறது. உங்கள் படத்திலிருந்து யாரோ ஒருவர் அரை நிமிடத்தை வெட்டிக் கைப்பேசியில் அனுப்பும்போது, தொடக்கத்தில் நீங்கள் போட்ட அறிவிப்பு அதனுடன் செல்லாது. சில ஆண்டுகளில் நம் மாவட்டத்துப் பிள்ளைகளே அதை 1923இன் படச்சுருள் என்று நம்புவார்கள்.

ஆகவே நடித்த காட்சிகளை வண்ணத்திலேயே, இன்றைய பாப்பாரப்பட்டியின் தெருக்களிலும் வயல்களிலும் எடுங்கள். அந்தக் காட்சி முடியும் வரை திரையின் ஓரத்தில் ‘நடித்துக் காட்டப்பட்டது’ என்ற சொற்கள் நிற்கட்டும். வாய்ப்பேச்சாகக் கற்பனை வசனம் எழுதாமல், சிவா எழுதியவற்றிலிருந்தே வரிகளை எடுத்துப் படிக்கச் செய்வது என் பார்வையில் மிகச் சிறந்த வழி. அவருடைய எழுத்தின் சூட்டுக்கு ஒப்பனை தேவைப்படாது.

கேள்வி: கிருஷ்ணகிரி அணையைப் பற்றி 1950களில் வெளியான அரசுச் செய்திப்படம் கிடைத்தால், அதைப் பயன்படுத்த அனுமதி வேண்டுமா?
– வாசகி, காவேரிப்பட்டணம்

பதில்: 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டப்படி, ஒரு படம் வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் வரையில்தான் உரிமை நீடிக்கும். எனவே 1950களில் வெளியான செய்திப்படத்துக்கு அந்தக் காலம் கடந்துவிட்டது. ஆனால் உரிமை முடிந்தது என்பதற்காக, படச்சுருளை வைத்திருக்கும் காப்பகம் இலவசமாக நகல் தர வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. நகலெடுக்கும் கட்டணத்தை முன்கூட்டியே கேட்டு அறிந்துகொள்ளுங்கள். படத்தின் பெயரையும் வெளியான ஆண்டையும் அப்போதே குறித்துக்கொண்டு, அந்தக் காட்சி வரும் இடத்திலேயே திரையில் காட்டுங்கள்.