பால்கனில கூடு கட்டியிருக்கறது எந்தப் புறா? கழுத்தைப் பாருங்க

கேள்வி: எங்க வீடு திண்டுக்கல்ல, முதல் மாடி. பால்கனில மணி பிளான்ட் தொட்டிக்குள்ள ஒரு சின்ன புறா நாலு குச்சியை வச்சு கூடுன்னு ஒண்ணு கட்டி ரெண்டு முட்டை போட்டிருக்கு. கோயில்ல இருக்கற சாம்பல் கலர் புறா இல்ல, இது பிரவுன், சைஸும் சின்னது. ராத்திரி பகல்னு எந்திரிக்காம உட்கார்ந்தே கிடக்கு, பட்டினியா இருக்கேன்னு பக்கத்துல அரிசியும் தண்ணியும் வச்சேன், தொடவே இல்ல. நேத்து துணி காயப்போடப் போனப்போ சடார்னு கீழ விழுந்து இறக்கை ஒடிஞ்ச மாதிரி தரையில இழுத்துக்கிட்டே போச்சு, பதறிட்டேன், கொஞ்ச நேரம் கழிச்சுப் பார்த்தா ஒண்ணுமே நடக்காத மாதிரி கூட்டுல உட்கார்ந்திருக்கு. இது என்ன புறா? கூட்டை வேற இடத்துக்கு மாத்தலாமா? மாமியார் வேற புறா அடைஞ்சா வீட்டுக்கு ஆகாதுங்கறாங்க.

பதில்: முதல்ல அந்த அரிசியை எடுத்துடுங்க, மத்ததை அப்புறம் பேசலாம். அரிசிக்கு எறும்பு வரும், முட்டை பொரிஞ்சு வெளிய வர்ற குஞ்சால எறும்புகிட்ட இருந்து தப்பிக்க முடியாது. அரிசியைப் பார்த்து காக்கா வந்துச்சுன்னா முட்டையும் அது கண்ணுல பட்டுடும், அதோட கதை முடிஞ்சுது. தண்ணி வைக்கணும்னா கூட்டுக்கு எட்டத்துல, மொட்டை மாடில ஒரு மண் சட்டில வைங்க.

அது பட்டினியும் இல்ல. நீங்க பார்க்கறது ஒரு புறா இல்ல, ரெண்டு. பெரும்பாலும் பகல்ல ஆண் உட்காரும், சாயங்காலத்துல இருந்து மறுநாள் காலை வரைக்கும் பொண்ணு. ரெண்டும் பார்க்க ஒரே மாதிரி இருக்கறதால ஷிப்ட் மாறுறதே நமக்குத் தெரியாது. காலைல வெயில் ஏறினதுக்கப்புறம் கொஞ்சம் தள்ளி நின்னு கவனிச்சுப் பாருங்க, ஒண்ணு கிரில்ல வந்து உட்காரும், கூட்டுல இருக்கறது சத்தமில்லாம எந்திரிச்சுப் போகும், வந்தது முட்டையை வயித்துக்கடியில தள்ளிக்கிட்டு உடம்பை ரெண்டு ஆட்டு ஆட்டி உட்கார்ந்துக்கும், அவ்வளவுதான்.

சரி, என்ன புறான்னு பார்ப்போம். நீங்க சொல்ற ஊர், சைஸ், கலர், வீட்டுக்குள்ளயே கூடு கட்டற தைரியம், எல்லாத்தையும் வச்சுப் பார்த்தா பத்துக்கு ஒன்பது சின்னத் தவிட்டுப்புறாதான். ஆனா பேரை மட்டும் நம்பாதீங்க, நம்ம ஊர்ல தவிட்டுப்புறா, மணிப்புறா, கள்ளிப்புறான்னு ஒரே புறாவை மூணு ஊர்ல மூணு விதமா சொல்லுவாங்க, ஒரே பேரை ரெண்டு மூணு புறாவுக்கும் சொல்லுவாங்க. கலரையும் நம்பாதீங்க, காலை வெயில்ல ரோஸா தெரியறது மதியத்துல மண் கலரா தெரியும். பார்க்க வேண்டியது கழுத்து.

கழுத்துக்கு முன்னாடி, நெஞ்சுக்கு மேல, செம்பழுப்பு பட்டையில குட்டிக் குட்டியா கறுப்புப் புள்ளி இருந்தா சின்னத் தவிட்டுப்புறா. தலையும் நெஞ்சும் லேசான ரோஸ், முதுகு செம்மண், இறக்கையை மடிச்சு உட்கார்ந்திருக்கும்போது ஓரமா ஒரு நீலம் கலந்த சாம்பல் பட்டை தெரியும், அது ஒண்ணே போதும் அடையாளத்துக்கு. நீளம் 25 சென்டிமீட்டர் பக்கம், வால் கொஞ்சம் நீளம். கோயம்புத்தூர், திருப்பூர், திண்டுக்கல், மதுரை மாதிரி வறண்ட ஊர்ல கருவேல முள்ளுக்காடு, களத்துமேடு, தெரு ஓரம்னு எங்கயும் இருக்கும். சத்தம் மெதுவா அடக்கிச் சிரிக்கற மாதிரி "குரு-குரு-ரு-ரூ"ன்னு வரும், இங்கிலீஷ்ல லாஃபிங் டவ்னு சொல்றது அதனாலதான்.

பின்னங்கழுத்துல அகலமா கறுப்பு, அந்தக் கறுப்பு முழுக்க வெள்ளைப் புள்ளின்னா அது புள்ளிப்புறா, நிறைய பேர் மணிப்புறான்னு சொல்றது இதைத்தான். கொஞ்சம் பெருசு, 30 சென்டிமீட்டர், நம்ம ஊர் புள்ளிப்புறாவுக்கு இறக்கை மேலயும் வெளிர் புள்ளி இருக்கும். இதுக்கு மரம், நிழல், ஈரம் வேணும், தென்னந்தோப்பு, மாந்தோப்பு, காவேரிப் பக்கம், மலையடிவாரம்னு இருக்கும். திண்டுக்கல்லயே சிறுமலை அடிவாரத்துப் பக்கம் போனா ரெண்டையும் பார்க்கலாம்.

புள்ளியே இல்லாம, வெளுத்த சாம்பல் உடம்புல பின்னங்கழுத்துல மட்டும் கறுப்பா ஒரு அரைவட்டக் கோடுன்னா கள்ளிப்புறா. இது இன்னும் பெருசு, கரண்ட் கம்பியில தனியா உட்கார்ந்து "கு-கூ-கு"ன்னு நடுவுல அழுத்தி மணிக்கணக்கா கூப்பிட்டுக்கிட்டே இருக்கும். இந்த சாதுவான புறா போன நூற்றாண்டுல ஐரோப்பா முழுக்கப் பரவி 1955ல இங்கிலாந்துல போய் குஞ்சு பொரிச்சுது, பறவை ஆட்களுக்கு இன்னைக்கு வரைக்கும் ஆச்சரியமான விஷயம் அது.

இதே அரைவட்டக் கோடோட செங்கல் கலர்ல, சாம்பல் தலையோட, நாலுலயும் சின்னதா ஒண்ணு இருக்கு, இங்கிலீஷ்ல ரெட் காலர்ட் டவ்னு பேரு. அதுல ஆண்தான் செங்கல் கலர், பொண்ணு மங்கல் பிரவுன், அதனால இந்த ஒரு வகையில மட்டும் ஜோடியைப் பார்த்தாலே எது ஆண் எது பொண்ணுன்னு சொல்லிடலாம். 1804ல இதுக்கு அறிவியல் பேர் வச்சப்போ நம்ம தரங்கம்பாடி பேரைத்தான் வச்சாங்க, அப்போ அங்க டேனிஷ்காரங்க கோட்டை இருந்துது. பால்கனிக்கு எல்லாம் வராது, வயக்காட்டுலதான் தேடணும்.

மரகதப்புறாவான்னு கேட்கறவங்களும் உண்டு. நம்ம மாநிலப் பறவைதான், ஆனா அது காட்டுக்குள்ள தரையில மேயற பறவை, இறக்கை பளபளன்னு பச்சை, மூக்கு சிவப்பு, ஒரு தடவை பார்த்தா வேற எதோடயும் குழப்பிக்க மாட்டீங்க.

ஒரு எச்சரிக்கை, இளசுங்களுக்கு இந்தக் கழுத்து அடையாளம் எதுவும் சரியா இருக்காது. கழுத்துல ஒண்ணுமில்லாத மங்கலான புறாவைப் பார்த்து புது வகைன்னு போட்டோ அனுப்பறவங்க நிறைய பேர், முக்கால்வாசி அது போன மாசம் பொரிச்ச குட்டியாத்தான் இருக்கும்.

இப்போ அந்த ஒடிஞ்ச இறக்கைக்கு வருவோம். அது நடிப்பு. கூட்டுக்குப் பக்கத்துல பூனையோ ஆளோ வந்தா, தத்தித் தத்தி இறக்கையை இழுத்துக்கிட்டு எதிர்ப்பக்கமா போகும், வந்தவன் சுலபமா பிடிச்சுடலாம்னு பின்னாடியே போவான், கூட்டை விட்டு தள்ளிப் போனதும் படக்குன்னு பறந்துடும். இதைப் பார்த்து பாவம்னு பிடிச்சு கூண்டுல போட்டவங்க இருக்காங்க, நீங்க பிடிக்காதது நல்லதாப் போச்சு. பயத்துல இருக்கற புறாவைப் பிடிச்சா வால் இறகு கொத்தா கையோட வந்துடும், அதுவும் பூனைகிட்ட தப்பிக்க அது வச்சிருக்கற வழிதான்.

இதே மாதிரி பயமுறுத்தற வேற சில வேலையும் பண்ணும். வெயில்ல ஒரு பக்கமா சாய்ஞ்சு படுத்து ஒரு இறக்கையைத் தூக்கிக்கிட்டு அசையாம கிடக்கும், செத்துப்போச்சுன்னு நினைப்போம், வெயில் காய்ஞ்சுக்கிட்டு இருக்கும். மேல செங்குத்தா ஏறி இறக்கையை டப் டப்னு அடிச்சு அப்படியே வளைஞ்சு இறங்கும், அது அடிபட்டதில்ல, ஆண் பொண்ணுக்கு ஷோ காட்டறது. கழுத்தை உப்பி தலையை ஆட்டி ஆட்டி துரத்தறதும் அதேதான். ஆனா மொட்டை மாடில தானியம் கொட்டின இடத்துல ஒண்ணை ஒண்ணு இறக்கையால பளார்னு அறைஞ்சுக்குதே, அது நிஜ சண்டை. சமாதானச் சின்னமா இதைத் தேர்ந்தெடுத்தவர் கம்பு காயற களத்தைப் பார்த்ததில்ல போல.

கூட்டை மாத்தலாமான்னா, வேண்டாம். ஒரு அடி தள்ளி வச்சாக்கூட முட்டையைக் கைவிட்டுட வாய்ப்பு அதிகம், அதுக்குத் தெரிஞ்சது அந்த இடம்தான். சட்டப்படியும் காட்டுப் பறவையோட முட்டை, கூடு விஷயத்துல கை வைக்கக் கூடாது, 1972 வனவிலங்கு பாதுகாப்புச் சட்டம் இதுக்கும் உண்டு. கூடு சரிஞ்சு விழற மாதிரி இருந்தா மட்டும், அது இருக்கற இடத்துலயே அடியில ஒரு சின்ன மூங்கில் தட்டோ தேங்காய் நார் மெத்தையோ அண்டக் குடுங்க. கூடு மோசமா இருக்கேன்னு நீங்களா குச்சி, பஞ்சு எல்லாம் சேர்க்காதீங்க, கீழ இருந்து பார்த்தா முட்டை தெரியற அளவுக்குத்தான் இதுங்க கட்டும், ஆண் ஒவ்வொரு குச்சியா கொண்டு வரும், பொண்ணு உட்கார்ந்த இடத்துலயே செருகும், அதுக்கு மேல மெனக்கெடாது.

கணக்கு ரொம்ப சின்னது. ரெண்டாவது முட்டை போட்டதுல இருந்து 13லிருந்து 15 நாள்ல பொரியும், அப்புறம் 14லிருந்து 16 நாள்ல குஞ்சு பறந்துடும், ஆக மொத்தம் ஒரு மாசம். அது வரைக்கும் துணியை வேற பக்கம் காயப்போடுங்க, செடிக்குத் தண்ணி ஓரமா மெதுவா ஊத்துங்க, போட்டோ எடுக்கறேன்னு அடிக்கடி போகாதீங்க, நீங்க போற ஒவ்வொரு தடவையும் அது எந்திரிக்கும், காக்கா எங்கயோ இருந்து பார்த்துக்கிட்டுத்தான் இருக்கும்.

குஞ்சு பொரிஞ்சதும் பார்க்க சகிக்காது, கறுத்த தோல்ல அங்கங்க மஞ்சள் மயிரோட கண்ணு மூடிக் கிடக்கும், நோய் எல்லாம் இல்ல. முதல் சில நாள் அம்மா அப்பா ரெண்டுமே தொண்டைக்குக் கீழ இருக்கற பையில சுரக்கற கெட்டியான புறாப் பாலைத்தான் ஊட்டும், ஆமா, அப்பாவுக்கும் சுரக்கும். குஞ்சு மத்த பறவை மாதிரி வாயைப் பிளந்து காட்டாது, அலகை அம்மா வாய்க்குள்ள விட்டு எடுத்துக்கும். இதை ஏன் இவ்வளவு விளக்கறேன்னா, கீழ விழுந்த குஞ்சைப் பிடிச்சு வாயைத் திறந்து பசும்பால், தண்ணி எல்லாம் ஊத்திடறாங்க, அது நேரா மூச்சுக்குழாய்க்குப் போய் செத்துடும். இறகில்லாத குஞ்சு விழுந்திருந்தா கையால எடுத்து திரும்ப கூட்டுல வைங்க, மனுஷ வாசனை பட்டா தாய் சேர்க்காதுங்கறது இதுங்க விஷயத்துல பொய். இறகு முளைச்சு வால் மட்டும் குட்டையா இருக்கறது தரையில நின்னா அது பறக்கப் பழகுது, பூனை எட்டாத உயரத்துல செடி மேல விட்டுட்டு உள்ள போயிடுங்க, பெத்தவங்க வந்து ஊட்டும். உண்மையா ரத்தம், முறிவு இருந்தா ஒரு அட்டைப்பெட்டில துணி போட்டு இருட்டா வச்சு கால்நடை மருத்துவர்கிட்டயோ வனத்துறை ஆபீஸ்லயோ குடுத்துடுங்க.

எச்சம் கூட்டு ஓரத்துல குவியும், பெத்தவங்க சுத்தம் பண்ணாது. காய்ஞ்ச எச்சத்தை விளக்குமாறால கூட்டித் தூசி கிளப்பாதீங்க, தண்ணி தெளிச்சு நனைச்சு, மாஸ்க் போட்டுக்கிட்டுத் துடைங்க. நுரையீரல் பிரச்சனைன்னு நீங்க நியூஸ்ல பார்க்கறது பெரும்பாலும் அபார்ட்மென்ட்ல கூட்டம் கூட்டமா அடையற மாடப்புறா எச்சத்தைப் பத்தினது, ஒரு ஜோடி தவிட்டுப்புறா ஒரு மாசம் இருக்கறதோட அதை ஒப்பிட முடியாது. இருந்தாலும் வீட்டுல ஆஸ்துமா உள்ளவங்க இருந்தா அந்தப் பால்கனி கதவைச் சாத்தியே வைங்க.

மாமியார் சொல்றதுக்கு வருவோம். ஆள் நடமாட்டம் இல்லாத வீட்டுல புறா அடையும், அதைப் பார்த்த பெரியவங்க புறா அடைஞ்சதாலதான் வீடு பாழாச்சுன்னு காரணத்தைத் திருப்பிப் போட்டுட்டாங்க. உங்க வீட்டுல தினம் ஆள் வந்து போற பால்கனியில அது கட்டியிருக்குன்னா, உங்களால ஆபத்தில்லைன்னு அது முடிவு பண்ணியிருக்குன்னு அவங்ககிட்ட சொல்லிப் பாருங்க.

குஞ்சு பறந்ததும் விஷயம் முடிஞ்சுதுன்னு நினைக்காதீங்க, இந்த ஜோடி அதே கூட்டுலயே அடுத்த முட்டையும் போடும், துருக்கியில ஒரே ஜோடி ஏழு ஈடு வரைக்கும் பொரிச்சதா பதிவு இருக்கு. உங்களுக்கு இன்னொரு மாசம் சரின்னா விட்டுடுங்க. போதும்னா கடைசிக் குஞ்சு போன அன்னைக்கே காலிக் கூட்டை எடுத்துட்டு, தொட்டி வாய்க்கு கொஞ்ச நாள் ஒரு வலை கட்டிடுங்க, ரெண்டு நாள் தள்ளிப்போட்டீங்கன்னா உள்ள புது முட்டை இருக்கலாம்.