ஒத்தக்கடையிலிருந்து ஹாம்பர்க் – கடிதம்

அன்புள்ள ஐயா,

மேலூர்ப் பக்கம் எனக்கு. மதுரை சட்டக் கல்லூரியில் படித்துவிட்டு, ஒத்தக்கடையில் இருக்கும் உயர் நீதிமன்றக் கிளையில் ஜூனியராக இருக்கிறேன். இலங்கைக் கடற்படை பிடித்துப்போன ராமேஸ்வரம் மீனவர்களை மீட்கக் கோரும் ரிட் மனுக்களில் சீனியருக்கு உதவுகிறேன். ஒவ்வொரு முறையும் மத்திய அரசு வக்கீல் எழுந்து, "தூதரக மட்டத்தில் பேசி வருகிறோம்" என்று சொல்லி வாய்தா வாங்கிவிடுவார். வெளியுறவுப் பணியில் சேர்ந்து அந்தப் பேச்சு நடக்கும் இடத்துக்கே போனால் என்ன என்று தோன்றுகிறது. வயது 28. "படித்த சட்டம் வீணா?" என்கிறார் அப்பா. "ஊர் ஊரா அலையிற பொண்ணை எவன் கட்டுவான்?" என்கிறார் மாமா. வக்கீலாக இருந்து அந்தப் பக்கம் போன பெண்கள் உண்டா?

ம. (பெயர் வேண்டாம்)

அன்புள்ள ம.,

மாமாவை முதலில் கவனித்துவிடுவோம். அவர் சொல்வதை ஒரு காலத்தில் இந்திய அரசே விதியாக எழுதி வைத்திருந்தது. 1961-ம் வருட வெளியுறவுப் பணி நடத்தை விதி 8(2)-ன்படி, பெண் அதிகாரி கல்யாணத்துக்கு முன்பு அரசிடம் எழுத்துமூலம் அனுமதி பெற வேண்டும். அதன் பிறகும், குடும்பப் பொறுப்பு வேலைக்கு இடைஞ்சல் என்று அரசுக்குப் பட்டால் எப்போது வேண்டுமானாலும் ராஜினாமா செய்யச் சொல்லலாம். குடகில் பிறந்து சென்னையில் படித்த சி.பி. முத்தம்மா, 1949-ல் அந்தப் பணியில் சேர்ந்த முதல் பெண். வக்கீல் அல்ல. ஆனால் பதவி உயர்வு மறுக்கப்பட்டதும் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். வழக்கு நடக்கும்போதே அரசு உயர்வைக் கொடுத்துவிட்டதால் 1979-ல் மனு தள்ளுபடி. அந்தத் தள்ளுபடித் தீர்ப்பில்தான் நீதிபதி கிருஷ்ணய்யர் அரசை வாங்கு வாங்கென்று வாங்கினார். குடும்பம் பெண்ணின் வேலைக்குக் குறுக்கே வருமென்றால் ஆணின் வேலைக்கும் வரத்தானே செய்யும் என்று கேட்டார். விதியை நீக்குகிறோம் என்று அரசு கோர்ட்டிலேயே சொல்ல வேண்டியதாயிற்று. சின்னத் தீர்ப்புதான், மாமாவுக்கு ஒரு நகல் கொடுங்கள்.

அப்பாவின் கேள்விக்கு என் பதில், நீரு சத்தா. வெளியுறவு அமைச்சகத்தின் சட்டம்–ஒப்பந்தங்கள் பிரிவுக்குத் தலைமை ஏற்ற முதல் பெண். 2012 பிப்ரவரியில், கேரளக் கரையிலிருந்து சுமார் 20 கடல் மைல் தள்ளி, 'என்ரிக்கா லெக்ஸி' என்ற இத்தாலியக் கப்பலிலிருந்து அந்நாட்டுக் கடற்படை வீரர்கள் சுட்டதில் இரண்டு மீனவர்கள் செத்துப்போனார்கள். ஒருவர் நம் குமரி மாவட்டத்துக்காரர். நாட்டின் கடல் எல்லையோ 12 மைல். சுட்ட வீரர்களை விசாரிக்க யாருக்கு அதிகாரம்? 2015-ல் இத்தாலி ஹாம்பர்க்கில் இருக்கும் சர்வதேசக் கடல் சட்டத் தீர்ப்பாயத்துக்குப் போனபோது இந்தியாவின் முகவராக, அதாவது நாட்டின் சார்பில் வழக்கை நடத்தும் பிரதிநிதியாக நின்றவர் நீரு. இரு நாடுகளும் கோர்ட் நடவடிக்கைகளை நிறுத்திவைக்க உத்தரவானது. வீரர்கள் மீதான கட்டுப்பாட்டை நீக்கச் சொல்லி இத்தாலி கேட்டது கிடைக்கவில்லை. 2020-ல் இந்த வழக்கை விசாரித்த நடுவர் மன்றம், வீரர்களை விசாரிக்க இந்தியாவுக்கு அதிகாரமில்லை, இழப்பீடு பெற உரிமை உண்டு என்றது. இறந்தவர் குடும்பங்களுக்குத் தலா 4 கோடி, படகுக்காரருக்கு 2 கோடி என்று 2021-ல் முடிந்தது. எனக்கு இந்த முடிவில் நிறைவு இல்லை. ஆனால் அதிகார வரம்பு, இடைக்கால உத்தரவு, இழப்பீடு என்று நடந்தது முழுக்க நீங்கள் ஒத்தக்கடையில் தினமும் பார்க்கிற வேலைதான். நீரு 2017-ல் அதே தீர்ப்பாயத்துக்கு நீதிபதியாகத் தேர்வானார், இந்தியாவிலிருந்து போன முதல் பெண்ணாக.

எனக்கு உறுத்துவது வேறு. பிடிக்காத கேஸ் கட்டை வக்கீல் திருப்பிக் கொடுத்துவிடலாம். அங்கே முடியாது. ஒரு நாட்டு மீனவர் அடுத்த நாட்டுக் கடலில் அனுமதியில்லாமல் மீன்பிடிக்கக் கூடாது என்று 1976-ல் இந்தியாவும் இலங்கையும் கடிதம் பரிமாறிக்கொண்டிருக்கின்றன. கொழும்பில் உட்கார்ந்தால் அதைக் கையில் வைத்துக்கொண்டுதான் பேச வேண்டும். எதிர்ப்பக்கம் யாழ்ப்பாணத்து மீனவர் நம் இழுவைப் படகு அறுத்த வலையைக் காட்டுவார்; அவரும் தமிழர்தான். இன்றைக்கு உங்களைக் கும்பிடுகிற ராமேஸ்வரத்துப் பெண்கள் அன்றைக்கு மண்ணை வாரித் தூற்றுவார்கள். பதில் பேச உங்களுக்கு அனுமதியும் இருக்காது. இதைத் தாங்க முடியுமா என்று யோசித்துவிட்டு விண்ணப்பம் போடுங்கள்.

போக இரண்டு வழி உண்டு. ஒன்று, சிவில் சர்வீஸ் தேர்வு. அதற்குப் பொதுப் பிரிவில் வயது வரம்பு 32, பிற்படுத்தப்பட்டோருக்கு 35. சட்டத்தையே விருப்பப் பாடமாக எடுக்கலாம், சர்வதேசச் சட்டம் முதல் தாளிலேயே வருகிறது. ரேங்க் குறைந்தால் வேறு சர்வீஸில் தூக்கிப் போட்டுவிடுவார்கள். இன்னொன்று, நான் சொன்ன சட்டப் பிரிவுக்கான அதிகாரிகளை யூபிஎஸ்சி தனி விளம்பரம் போட்டு எடுப்பது. உங்களுக்கு இதுவே பொருத்தம் என்பேன். சர்வதேசச் சட்டத்தில் எம்.எல். முடித்துவிடுங்கள்.

அப்புறம், சம்பள வேலையில் சேர்ந்தால் பார் கவுன்சிலுக்கு எழுதி சன்னதை, அதாவது வக்கீல் பதிவை நிறுத்திவைக்க வேண்டும். ரத்தாகாது. வேலையை விட்டு வந்தால் மறுபடி கோட்டு மாட்டலாம். அப்பாவிடம் இதைச் சொன்னீர்களா?