பிரெடரிக் வைஸ்மன் படங்கள்: கேட்டதும் சொன்னதும்

அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் வைஸ்மன் என்றாலே 'மூன்று மணி நேரம் ஒன்றுமே நடக்காத படம்' என்று நழுவுகிறவர்கள் உண்டு. நழுவாமல் நின்று கேட்டவர்களுக்கு இந்தப் பதில்கள்.

யார் இவர்? சினிமா படித்தவரா?

இல்லை. 1930இல் பாஸ்டனில் பிறந்தவர், சட்டம் படித்துச் சட்டமே சொல்லிக்கொடுத்தவர். நாளைக்கு வக்கீலாகவோ நீதிபதியாகவோ ஆகி நாம் ஆட்களை எங்கே அனுப்பப்போகிறோம் என்று பார்த்து வைத்துக்கொள்ளட்டும் என்று மாணவர்களை மாசசூசெட்ஸ் மாநிலத்தின் பிரிட்ஜ்வாட்டருக்குக் கூட்டிப்போவார். மனநலம் குன்றிய கைதிகளை அடைத்து வைத்திருந்த இடம் அது. முதல் ஆவணப்படத்தையும் அங்கேதான் எடுத்தார்: 'டிடிகட் ஃபாலிஸ்', 1967. கைதிகளின் அந்தரங்கம் போகிறது என்று மாநில அரசு நீதிமன்றத்துக்குப் போக, 1991 வரை பொதுமக்களுக்குக் காட்ட முடியவில்லை. (போனது கைதிகளின் அந்தரங்கமா, அரசின் மானமா என்பது படத்தைப் பார்த்தால் தெரியும்.)

அவர் படங்களில் பின்னணிக் குரல் இல்லை, பேட்டி இல்லை, பேசுவது யார் என்று பெயர்கூடப் போடுவதில்லை. அப்புறம் எப்படிப் புரியும்?

'ஹை ஸ்கூல்' என்று 1968இல் ஒரு படம், பிலடெல்பியாவில் ஒரு பள்ளிக்கூடம். வகுப்பு, கண்டிப்பு, பாவாடை நீளம் பற்றிய பேச்சு என்று சாதாரணமாகத்தான் போகும். கடைசியில் தலைமையாசிரியை ஒரு கடிதத்தைச் சக ஆசிரியர்களுக்குப் படித்துக் காட்டுகிறார். வியட்நாம் போரில் இருக்கும் பழைய மாணவன் எழுதியது. தான் செத்தால் வரும் காப்பீட்டுப் பணம் பள்ளிக்கே போகட்டும், தான் ஒரு வேலையைச் செய்கிற வெறும் உடம்புதானே என்கிற மாதிரி எழுதியிருக்கிறான். படித்து முடித்த அம்மையார், இப்படி ஒரு கடிதம் வருகிறதென்றால் நம் பள்ளி வெற்றி பெற்றுவிட்டது என்று அர்த்தம் என்கிறார், மனசார. படம் அங்கேயே முடிகிறது. இதற்குமேல் ஒரு பின்னணிக் குரல் வந்து என்னத்தைச் சொல்லும்?

கேமரா இருந்தால் யாராக இருந்தாலும் கொஞ்சம் நடிக்கத்தானே செய்வார்கள்?

பெரும்பாலானவர்களுக்கு அவ்வளவு நன்றாக நடிக்க வராது என்பது வைஸ்மனின் வாதம். ஆளும் அதிகமில்லை: ஒளிப்பதிவாளர், ஒரு உதவியாளர், மைக்கைப் பிடித்துக்கொண்டு வைஸ்மன். தனியாக விளக்கு வைப்பதும் கிடையாது. ஆனாலும் அதிகாரிகள் கொஞ்சம் நடிக்கத்தான் செய்கிறார்கள் என்று எனக்குப் படும். நல்லவராகத் தெரிய வேண்டும் என்று ஒருவர் மெனக்கெடும்போது எதை நல்லது என்று நினைக்கிறார் என்பது வெளியே வந்துவிடுகிறதே, அதுவும் லாபம்தான்.

சரி, உள்ளதை உள்ளபடி காட்டுகிறார், சொந்தக் கருத்து கிடையாது, அப்படித்தானே?

அதை அவர் ஒப்புக்கொண்டதே இல்லை. பல படங்களுக்கு நூறு மணி நேரத்துக்கும் மேலே எடுத்துவிட்டு, மாதக்கணக்கில் தானே உட்கார்ந்து எடிட் செய்து மூன்று நான்கு மணி நேரமாகக் குறைத்தவர் கருத்தில்லாதவராக எப்படி இருக்க முடியும்? எடுக்கும்போது குறுக்கே போவதில்லை, அவ்வளவுதான். எந்தக் காட்சிக்குப் பக்கத்தில் எதை வைக்கிறார் என்பதில்தான் அவர் பேசுகிறார்.

நானும் இப்படி எடுக்கலாம் என்று இருக்கிறேன். ஃபோன் போதுமா?

காட்சிக்குப் போதும், ஒலிக்குப் போதாது. இவ்வகைப் படத்தில் பாதி உயிர் பேச்சில் இருக்கிறது, நல்ல மைக் ஒன்று வாங்குங்கள். இன்னொன்று, சீக்கிரம் நிறுத்தாதீர்கள். உறவினரின் சலூனில் ஒரு நாள் எடுத்தேன். வந்தவர் முடிவெட்டிக்கொண்டு காசு கொடுத்ததும் முடிந்தது என்று அணைத்துவிட்டேன். அவர் வாசல்வரை போய்த் திரும்பி வந்து, அப்பாவுக்குக் கடைசியாகச் சவரம் செய்துவிட வீட்டுக்கு வர முடியுமா என்று கேட்டார். அது என் காதில் இருக்கிறது, ஃபோனில் இல்லை.

எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

'ஹை ஸ்கூல்'. 75 நிமிடம்தான். பிடித்திருந்தால் நியூயார்க்கின் உதவித்தொகை அலுவலகத்தில் எடுத்து 1975இல் வந்த 'வெல்ஃபேர்'. அது கிட்டத்தட்ட மூன்று மணி நேரம், சாப்பிட்டுவிட்டு உட்காருங்கள்.