ஹைன்ரிக் என்ற ஜெர்மானியப் பெயரின் பொருள் என்ன? இன்று பிறக்கும் பிள்ளைக்கு அதைச் சூட்டலாமா?

ஹைன்ரிக் என்ற ஆண்பெயருக்கு என்ன பொருள், அது எவ்வளவு பழமையானது, இன்று ஒரு பிள்ளைக்கு அதைச் சூட்டினால் பிறர் தவறாக நினைப்பார்களா என்று இரண்டே வரிகளில் கேட்டிருக்கிறீர்கள். ஏன் கேட்கிறீர்கள் என்று சொல்லவில்லை. ஆனால் இந்தக் கேள்வியைத் தமிழில் கேட்பவர் பெரும்பாலும் ஒன்பது ஆண்டுகளுக்கு முன் நான் நின்ற இடத்தில்தான் நிற்பார் என்று எடுத்துக்கொள்கிறேன்: ஜெர்மனியில் வாழ்க்கை, ஜெர்மானியக் கணவர், வயிற்றில் பிள்ளை, இரு குடும்பங்களிலிருந்தும் ஆளுக்கொரு பெயர்ப் பட்டியல். என் மகனின் பெயர் ஹைன்ரிக் சண்முகம். ஆகவே இக்கேள்வியைப் பார்த்துவிட்டுப் பேசாமல் கடந்துபோக என்னால் முடியவில்லை.

முதலில் பொருள். பழைய ஜெர்மன் மொழியில் இப்பெயர் 'ஹைம்ரிக்' என்று வழங்கியது. 'ஹைம்' என்றால் வீடு, இல்லம். 'ரிக்' என்றால் ஆள்பவன், வலிமையுள்ளவன். வேலியிட்ட மனையைக் குறிக்கும் 'ஹாக்' என்ற சொல்லோடு தொடர்புடைய இன்னொரு பழம்பெயரும் காலப்போக்கில் இதனுடன் கலந்துவிட்டது என்பார்கள். ஃப்ரீட்ரிக், டீட்ரிக், உல்ரிக் ஆகிய பெயர்களின் கடைசியில் நிற்பதும் இதே 'ரிக்' தான். இலத்தீனத்தில் அரசனைக் குறிக்கும் 'ரெக்ஸ்' என்பதும், வடமொழியின் 'ராஜன்' என்பதும் இச்சொல்லோடு ஒரே வேரைச் சேர்ந்தவை. நம் மொழியில் 'இல்லத்தரசி' என்ற சொல் உண்டு. அதற்கு ஆண்பாலாக 'இல்லத்தரசன்' என்று யாரும் சொல்வதில்லை. ஹைன்ரிக் என்பதைத் தமிழாக்கினால் அந்த வழக்கில் இல்லாத சொல்தான் கிடைக்கும்.

ஆனால் இந்தப் பொருளை ஒரு முழு வாக்கியம்போல நீட்டிப் படித்துவிடக் கூடாது. நான் மொழியியல் படித்தவள் அல்லள். படித்தவர்கள் திருத்தினால் ஏற்றுக்கொள்வேன். எனக்குப் புரிந்த அளவில், பழைய ஜெர்மானியர்கள் இரண்டு சொற்களை இணைத்துப் பெயர் அமைத்தபோது, சேர்த்துப் படித்தால் என்ன பொருள் வருகிறது என்பதைவிட, யாருடைய பெயரிலிருந்து எந்தப் பாதியை எடுக்கிறோம் என்பதையே பெரிதாகக் கருதியிருக்கிறார்கள். அவர்களுடைய மிகப் பழைய வீரப்பாடல் ஒன்றில் பாட்டனார் ஹெரிப்ராண்ட், மகன் ஹில்டெப்ராண்ட், பேரன் ஹாடுப்ராண்ட். பின்பாதி மூன்று தலைமுறைக்கும் ஒன்றே. பிற்காலத்தில் பாதிப் பெயருக்குப் பதிலாக முழுப் பெயரே பாட்டனிடமிருந்து பேரனுக்கு வரத் தொடங்கியது. நமக்கு இதை விளக்கவே வேண்டியதில்லை. 'பெயரன்' என்பதுதான் 'பேரன்' ஆயிற்று. பாட்டனின் பெயரைத் தாங்குபவன் என்பதே அச்சொல்லின் பொருள். ஜெர்மன் மொழியில் பேரனை 'எங்கெல்' என்பார்கள். பாட்டனைக் குறிக்கும் பழஞ்சொல்லின் குறுமை வடிவமாகிய அதற்குச் 'சின்னப் பாட்டன்' என்பதே மூலப்பொருள். இதை அறிந்த நாளில், என் பிறந்த வீடும் புகுந்த வீடும் இவ்வளவு நெருக்கமாக நினைத்திருக்கின்றனவே என்று எனக்குக் கண் கலங்கிவிட்டது.

வரலாற்றில் இப்பெயர் பெரிய பெயராக எழுந்ததும் அப்படித்தான். 919ஆம் ஆண்டில் சாக்சனி நாட்டுக் கோமகன் ஒருவர் அரசரானார்; அவரே முதலாம் ஹைன்ரிக். 936இல் இறந்த அவர் குவெட்லின்பூர்க்கில் அடக்கம் செய்யப்பட்டார். அவருடைய ஒரு மகன் பவேரியக் கோமகன் ஹைன்ரிக், அந்த மகனின் மகனும் ஹைன்ரிக், அவருடைய மகனே 1014இல் பேரரசராக முடிசூடிய இரண்டாம் ஹைன்ரிக். இவரைத் திருச்சபை 1146இல் புனிதராக அறிவித்தது. கல்லறை பாம்பெர்க் பேராலயத்தில் இருக்கிறது. அடுத்து வந்த மரபில் மூன்றாம், நான்காம், ஐந்தாம் ஹைன்ரிக் மூவரும் தந்தை, மகன், பேரன். இவர்களுள் நான்காமவர்தான் திருத்தந்தை ஏழாம் கிரகோரியோடு மோதி, சபையிலிருந்து நீக்கப்பட்டு, 1077 ஜனவரிக் குளிரில் இத்தாலியின் கனோசாக் கோட்டைக்கு வெளியே மூன்று நாள் மன்னிப்புக்காகக் காத்திருந்தவர். ஒருவர் தலை குனிந்து மன்னிப்புக் கேட்கப் போவதைக் 'கனோசாவுக்கு நடப்பது' என்று ஜெர்மானியர் இன்றும் சொல்கிறார்கள்.

அரசர்கள் தாங்கிய பெயரைக் குடிகளும் வைத்தார்கள். ஹைன்ரிக்கைச் சுருக்கி ஹின்ஸ் என்றும், கோன்ராடைச் சுருக்கிக் குன்ஸ் என்றும் அழைத்தார்கள். தெருவுக்குத் தெரு இவ்விரு பெயர்களும் பெருகிப்போகவே, 'ஹின்ஸும் குன்ஸும்' என்பது நம்முடைய 'குப்பனும் சுப்பனும்' போல யாரோ எவரோ என்ற பொருளுக்கு வந்துவிட்டது. ஹைன்ஸ், ஹைனர், ஹின்ரிக், ஹென்ட்ரிக், ஹென்ரி ஆகிய யாவும் இதன் வடிவங்களே. துரிங்கியாவில் கிரைட்ஸ், கேரா ஆகிய ஊர்களை ஆண்ட ராய்ஸ் குடும்பம் இதில் எல்லாரையும் மிஞ்சியது. அக்குடும்பத்தில் பிறக்கும் ஆண்பிள்ளை ஒவ்வொருவருக்கும் ஹைன்ரிக் என்றே பெயர். அரியணை ஏறினாலும் ஏறாவிட்டாலும் பிறந்த வரிசைப்படி எண் மட்டும் மாறும். 1848இல் ஆட்சியைத் துறந்த ஒருவர் 72ஆம் ஹைன்ரிக்.

இனி என் கதை. என் மாமனார் தச்சர். 1934இல் பிறந்தவர். அவருடைய பாட்டனாரின் பெயரை அவருக்கு வைத்தார்கள். வீட்டில் ஹைனர் என்று அழைப்பார்கள். மணமாகி முதன்முறை அவர் வீட்டுக்குப் போனபோது, என்ன பேசுவதென்று தெரியாமல், உங்கள் பெயருக்கு என்ன பொருள் என்று கேட்டுவிட்டேன். நம்மிடையே இது இயல்பான கேள்வி. அவரோ எழுபது வயதைக் கடந்தும் அதுவரை அதைப் பற்றி யோசித்ததே இல்லை என்றார். உணவை முடித்துவிட்டு எழுந்துபோய்ப் பெரிய அகராதி ஒன்றை எடுத்துவந்து, மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, நான் மேலே எழுதியிருப்பதில் பாதியை எனக்கு நிறுத்தி நிறுத்திப் படித்துக் காட்டினார். மறுநாள் காலையில் தோட்டத்திலிருந்து ஒரு கை நிறையக் கீரை பறித்து வந்து மேசைமீது வைத்தார். 'நல்ல ஹைன்ரிக்' என்பது அந்தக் கீரையின் பெயர். பசலையைப்போலச் சமைக்கலாம், பழைய பண்ணை வீடுகளின் ஓரங்களில் தானாகவே வளரும். பூண்டும் மிளகாய் வற்றலும் தாளித்து நான் அதை மசியலாகச் செய்தேன். அவர் இரண்டு முறை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். மாமியார் நோயில் விழுந்த ஆறு ஆண்டுகளும் சமைத்ததும் துணி துவைத்ததும் மருந்து கொடுத்ததும் அவர்தான். அவர் மறைந்து ஏழு மாதங்களுக்குப் பின் என் மகன் பிறந்தான். வேறு எந்தப் பெயரைப் பற்றி நாங்கள் யோசித்திருக்க முடியும்?

ஊரிலிருந்து என் சித்தப்பா தொலைபேசியில் அழைத்து, "கொலைகாரன் ஹிம்லர் பெயரையா பிள்ளைக்கு வைத்திருக்கிறாய்?" என்று கேட்டார். இதே கேள்வியைக் கேட்க இங்கும் சிலர் வருவார்கள் என்பதால் விரிவாகவே பதில் சொல்கிறேன். ஆம், ஹிட்லரின் எஸ்.எஸ். படைக்குத் தலைவனாக இருந்து யூதர் படுகொலையை நடத்திய ஹிம்லரின் முதற்பெயர் ஹைன்ரிக் தான். பெயரை மட்டுமன்றி அதன் வரலாற்றையும் அவன் தனக்கென்று கைப்பற்ற முயன்றான்; முதலாம் ஹைன்ரிக் இறந்து ஆயிரம் ஆண்டுகள் நிறைந்த 1936 ஜூலை 2 அன்று, குவெட்லின்பூர்க் தேவாலயத்தில் அந்த அரசருக்குப் பெருவிழா எடுத்தவன் அவனே. ஆனால் நாஜிகள் ஆட்சிக்கு வந்த ஆண்டில் யாருடைய நூல்கள் தீயில் வீசப்பட்டனவோ, யூதக் குடும்பத்தில் பிறந்த அந்தக் கவிஞர் ஹைனேயின் பெயரும் ஹைன்ரிக் தான். மின்காந்த அலைகள் இருப்பதைச் சோதனையால் நிறுவி 36 வயதில் இறந்துபோன ஹெர்ட்ஸும் ஹைன்ரிக். போரின் சீரழிவைத் தம் மக்களுக்கே எடுத்துச் சொல்லி, 1972இல் நோபல் பரிசு பெற்ற கொலோன் நகரத்து எழுத்தாளர் பியோலும் ஹைன்ரிக். ஆயிரம் ஆண்டுகளாக அரசரும் தச்சரும் தாங்கிய பெயரை ஒரு கொலைகாரனிடம் ஒப்படைத்துவிட்டு ஒதுங்கிப்போக எனக்கு மனம் வரவில்லை. அவனால் வீட்டாரை இழந்த குடும்பத்தைச் சேர்ந்த ஒருவருக்கு இப்பெயர் வேறு விதமாக ஒலிக்கலாம். அந்த வலியை நான் மறுக்கவில்லை. சித்தப்பா அந்த வலியிலிருந்து பேசவில்லை என்று மட்டும் சொல்கிறேன். அடோல்ஃப் என்ற பெயரைப்போல இப்பெயர் ஜெர்மனியில் ஒதுக்கப்படவில்லை.

என் அப்பா சித்தப்பாவுக்கு வேறு விதமாகப் பதில் சொன்னார். நாங்கள் மயிலாடுதுறைக்காரர்கள். 1706 ஜூலை 9 அன்று தரங்கம்பாடியில் வந்திறங்கிய இரண்டு ஜெர்மானியப் பாதிரியார்களுள் சீகன்பால்கை எல்லாருக்கும் தெரியும்; உடன் வந்த புளுட்சோவின் முதற்பெயர் ஹைன்ரிக், நம் நூல்களில் ஹென்றி என்று இருக்கும் என்றார். ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர் அவர். "முந்நூறு வருஷத்துக்கு முன்பே நம் கடற்கரைக்கு வந்த பெயர்" என்று அவர் சொன்ன பிறகு வீட்டில் யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை.

எங்களுக்கு உண்மையான தொல்லை வந்தது ஹைன்ரிக்கால் அன்று, சண்முகத்தால்! ஒரு பாட்டனாரின் பெயரை வைத்தால் மற்றவருடைய பெயரையும் வைக்க வேண்டும் என்று என் கணவர்தான் சொன்னார். ஆனால் பிறப்பைப் பதியும் அலுவலகத்தில், சண்முகம் என்பது குடும்பப் பெயர் ஆயிற்றே, அதை எப்படி முதற்பெயராக வைப்பீர்கள் என்று கேட்டார்கள். நமக்குக் குடும்பப் பெயர் இல்லை; ஆகவே கடவுச்சீட்டில் அந்த இடத்தில் என் அப்பாவின் பெயர் இருந்தது. மணமாவதற்கு முன் நான்கு ஆண்டுகள் இந்த நாட்டில் என்னைத் 'திருமதி சண்முகம்' என்றுதான் அழைத்தார்கள். மருத்துவமனையில் அப்படி அழைக்கும்போதெல்லாம் அப்பாவைக் கூப்பிடுகிறார்கள் என்றே ஒரு கணம் தோன்றும். ஒரு மனிதரின் சொந்தப் பெயரை இத்தனை ஆண்டுகள் தவறான கட்டத்தில் வைத்திருந்துவிட்டு, அது பெயரே அன்று என்று அவருடைய மகளிடமே சொன்னது எனக்கு இன்றும் ஆறவில்லை. அடுத்ததாக, இது ஆண்பெயரா பெண்பெயரா என்றார்கள். 2008 டிசம்பர் 5 அன்று ஜெர்மனியின் அரசியலமைப்பு நீதிமன்றம், இந்திய வம்சாவளிப் பெற்றோர் தம் மகளுக்குச் சூட்டிய 'கிரண்' என்ற பெயர் குறித்த வழக்கில், முதற்பெயர் பாலினத்தைக் காட்டியே தீர வேண்டும் என்று சட்டம் எதுவும் இல்லை என்று சொல்லிவிட்டது. அதை நான் அங்கே எடுத்துச் சொன்னேன். அப்பாவின் பிறப்புச் சான்றிதழையும் அதன் மொழிபெயர்ப்பையும் கொடுத்த பிறகுதான் பெயர் பதிவானது. அந்த மூன்று வாரமும் என் மகன் பெயரில்லாமல் இருந்தான்.

உச்சரிப்பைப் பற்றியும் ஒரு சொல். கடைசி ஒலி 'க்' அன்று. 'ஷ்' என்பதற்கு அருகில், நாக்கை மேலண்ணத்துக்கு நெருக்கிக் காற்றை விட்டால் வருவது. என் அம்மாவுக்கு அது இன்றுவரை வரவில்லை. சண்முகம் என்பது தம் கணவரின் பெயர் என்பதால் அதையும் வாய்விட்டுச் சொல்ல மாட்டார். எனவே கோடை விடுமுறைக்கு நாங்கள் போகும்போது, வாசலில் இறங்கிய உடனே அவனை "ராசா" என்று கூப்பிடுவார். அவனும் ஓடுவான். அவனுடைய பெயரின் பின்பாதியைத்தான் ஆச்சி சொல்கிறார் என்று நான் அவனுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன்.

ஆகவே உங்கள் கேள்விக்கு: தாராளமாகச் சூட்டலாம். இன்று ஹென்ரி என்ற வடிவம்தான் பள்ளிகளில் அதிகம் கேட்கிறது. ஹைன்ரிக் என்று முழுதாக அழைக்கப்படும் பிள்ளைகள் குறைவு. முதியவர்கள் கேட்டுவிட்டு, தம் அண்ணனுக்கும் அதே பெயர் என்பார்கள். உங்கள் தந்தையின் பெயரையும் சேர்க்க எண்ணினால், அவருடைய பிறப்புச் சான்றிதழை இப்போதே ஊரிலிருந்து வரவழைத்து, நீதிமன்ற அங்கீகாரம் பெற்ற மொழிபெயர்ப்பாளரிடம் கொடுத்துவிடுங்கள். பிள்ளை பிறந்த பிறகு அதற்கெல்லாம் நேரம் கிடைக்காது.